நியமனமே செல்லாது என்றால்: முறைகேடான ஆள்தேர்வும் பணிநீக்க வழக்குகளும்

2025 ஏப்ரல் 3-ஆம் தேதி, மேற்கு வங்கத்தில் பள்ளி வேலையில் இருந்த 25,753 பேரின் நியமனத்தை உச்ச நீதிமன்றம் ஒரே தீர்ப்பில் ரத்து செய்தது. ஆசிரியர்கள், எழுத்தர்கள், அலுவலக உதவியாளர்கள் எல்லோரும் அதில் அடக்கம். அவர்களில் குறுக்குவழியில் வேலை வாங்கியவர்கள் இருந்தார்கள். ராத்திரி பகலாகப் படித்து நேர்மையாகத் தேறியவர்களும் இருந்தார்கள். இது நீதிமன்றத்துக்கும் தெரியும். தெரிந்தேதான் எல்லோரையும் வீட்டுக்கு அனுப்பியது.

தப்பே செய்யாதவரை எப்படி வேலையை விட்டு எடுக்கலாம்? முதன்முதலாகக் கேள்விப்படுகிற யாருக்கும் இந்தக் கேள்விதான் வரும். நியாயமான கேள்வி. ஆனால் இந்த வகை வழக்குகளில் நீதிமன்றம் முதலில் கேட்பது அதுவல்ல. "இந்தப் பட்டியலை நம்பலாமா?" என்றுதான் அது கேட்கிறது. இந்த வித்தியாசம் பிடிபட்டுவிட்டால், ஒன்றுக்கொன்று முரணாகத் தோன்றும் பல தீர்ப்புகள் புரியத் தொடங்கும்.

சொந்தக் கடைக்கு ஆள் எடுக்கும் முதலாளி, தம்பி மகனைக் கல்லாவில் உட்கார வைக்கலாம். யாரும் கேட்க முடியாது. அரசு வேலை அப்படி இல்லை. அரசியலமைப்பின் 14-ஆம் பிரிவு சட்டத்தின் முன் எல்லோரும் சமம் என்கிறது. 16-ஆம் பிரிவு அரசு வேலைவாய்ப்பில் எல்லோருக்கும் சம வாய்ப்பு வேண்டும் என்கிறது. அதாவது ஒரு வேலை காலியாகும்போது, தகுதியுள்ள ஒவ்வொருவருக்கும் அதற்கு விண்ணப்பிக்கும் உரிமை இருக்கிறது. விளம்பரம், தேர்வு, தரவரிசை, இட ஒதுக்கீட்டு இனச்சுழற்சி ஆகியவை எல்லாம் அந்த உரிமையைக் காப்பாற்றும் ஏற்பாடுகள்தான்.

ஆகவே பணிநீக்க வழக்கு ஒன்றில் அரசும் ஊழியரும் மட்டும் எதிரெதிரே நிற்பதாக நினைத்துவிடக் கூடாது. மூன்றாவதாக ஒரு கூட்டம் கண்ணுக்குத் தெரியாமல் நிற்கிறது. விளம்பரமே வராததால் விண்ணப்பிக்க முடியாமல் போனவர்கள், நல்ல மதிப்பெண் எடுத்தும் பட்டியலில் பின்னுக்குத் தள்ளப்பட்டவர்கள். வேலை போனவரின் கண்ணீர் தொலைக்காட்சியில் தெரியும். இந்தக் கூட்டத்தை யாரும் படம் பிடிப்பதில்லை. நீதிபதிகள் அவர்களையும் கணக்கில் எடுத்தாக வேண்டும்.

தவறு எந்த இடத்தில்?

அரசு ஊழியரை வேலையை விட்டு எடுப்பது லேசான காரியம் இல்லை என்று நாம் கேள்விப்பட்டிருக்கிறோம். உண்மைதான். 311-ஆம் பிரிவின்படி குற்றச்சாட்டைச் சொல்லி, விசாரணை நடத்தி, பதில் சொல்ல வாய்ப்புக் கொடுத்த பிறகுதான் பொதுவாகப் பணிநீக்கம் செய்ய முடியும். தமிழ்நாட்டில் அரசு அலுவலகங்களில் "17-பி கொடுத்துட்டாங்க" என்று பேசிக்கொள்வார்களே, அந்தக் குற்றச்சாட்டுக் குறிப்பாணை இந்த வழியில் வருவதுதான்.

ஆனால் இந்தப் பாதுகாப்பு சட்டப்படி பதவிக்கு வந்தவருக்கு உரியது. வந்த வழியே செல்லாது என்றால் பாதுகாப்பும் சேர்ந்தே போய்விடும். கேரளத்தில் பட்டியல் சாதியினர் என்று பொய்யான சான்றிதழ் கொடுத்து 1977-இல் காவல்துறை டி.எஸ்.பி. பதவிக்கு வந்த ஒருவரின் வழக்கில், 2004-இல் உச்ச நீதிமன்றம் இதைத்தான் சொன்னது. சுமார் 27 ஆண்டு வேலை பார்த்துவிட்டேன், பணிநீக்கத்தைக் கட்டாய ஓய்வாகவாவது மாற்றித் தாருங்கள் என்று அவர் கேட்டுப் பார்த்தார். கிடைக்கவில்லை. அந்தப் பதவி உண்மையான பட்டியல் சாதிக்காரர் ஒருவருக்குப் போயிருக்க வேண்டியது. 27 ஆண்டு ஆனதால் அது நேராகிவிடாது என்பதுதான் காரணம்.

இந்த வழக்கு எளிது. தவறு ஆளிடம் இருக்கிறது, ஆள் போகிறார். சிக்கல் ஆரம்பிப்பது ஊழியர் எந்தத் தவறும் செய்யாதபோதுதான்.

திரிபுராவில் "10,323" என்றால் எல்லோருக்கும் தெரியும். அந்த எண்ணே ஒரு கூட்டத்தின் பெயராகிவிட்டது. 2010 முதல் அங்கே நியமிக்கப்பட்ட 10,323 பள்ளி ஆசிரியர்கள் அவர்கள். எழுத்துத் தேர்வு கிடையாது. மூப்பு, தகுதி, தேவை என்று பொதுவாகச் சொல்லும் 2003-ஆம் ஆண்டு வேலைவாய்ப்புக் கொள்கை ஒன்று இருந்தது. நேர்காணல் வைத்து ஆள் எடுத்தார்கள். எதற்கு எவ்வளவு மதிப்பெண், யார் ஏன் தேர்வானார் என்று சொல்லத் தெளிவான அளவுகோல் இல்லை. 2014 மே மாதம் திரிபுரா உயர் நீதிமன்றம் அந்தக் கொள்கையையும் நியமனங்களையும் ரத்து செய்தது. 2017 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் அதை உறுதி செய்தது. இங்கே யாரும் லஞ்சம் கொடுத்ததாக நிரூபிக்க வேண்டிய தேவையே எழவில்லை. அளவுகோலே இல்லாமல் அளந்ததுதான் குற்றம். பள்ளிகள் ஒரேயடியாகக் காலியாகிவிடக் கூடாது என்பதற்காகக் கால அவகாசம் நீட்டிக்கப்பட்டு, 2020 மார்ச் வரை அவர்கள் வேலையில் இருந்தார்கள். அப்புறம் வெளியே.

மேற்கு வங்கத்தில் நடந்தது மூன்றாவது வகை. விதி சரி, விளம்பரம் சரி, தேர்வும் நடந்தது. நடத்தியவர்கள் கை வைத்துவிட்டார்கள். அதற்கு விரிவாக வருவோம். அதற்கு முன் ஒரு பழைய தீர்ப்பைப் பார்த்துவிடுவது நல்லது. அரசு அலுவலகங்களில் தினக்கூலியாக, தொகுப்பூதியத்தில் வேலை பார்க்கும் லட்சக்கணக்கானவர்களின் தலையெழுத்து இன்றும் அதைச் சுற்றியே ஓடுகிறது.

உமாதேவி வழக்கு

கர்நாடக வணிகவரித் துறையில் 1980-களின் நடுவிலிருந்து தினக்கூலியாக வேலை பார்த்த உமாதேவி முதலானவர்கள் பணிவரன்முறை (வேலையை நிரந்தரமாக்குவது) கேட்டுப் போட்ட வழக்குகள் உச்ச நீதிமன்றத்துக்கு வந்தன. ஐந்து நீதிபதிகள் அமர்வு 2006 ஏப்ரல் 10 அன்று தீர்ப்பு சொன்னது. விளம்பரம், போட்டி எதுவும் இல்லாமல் புறவாசல் வழியாக வந்தவர்களை, நீண்ட நாள் வேலை பார்த்தார்கள் என்ற ஒரே காரணத்துக்காக நிரந்தரமாக்கச் சொல்லி நீதிமன்றங்கள் உத்தரவிடக் கூடாது என்பது அதன் சாரம். அப்படி உத்தரவிட்டால், முன்வாசலில் வரிசையில் நிற்பவர்களை நீதிமன்றமே ஏமாற்றியதாகிவிடும்.

அதே தீர்ப்பில் ஒரு சிறிய கதவும் திறந்து வைக்கப்பட்டது. நியமனக் குறைகளை அது இரண்டாகப் பிரித்தது. அனுமதிக்கப்பட்ட காலிப் பணியிடமே இல்லாமல், அல்லது வேலைக்குத் தேவையான கல்வித் தகுதியே இல்லாதவரை எடுத்திருந்தால் அது சட்டவிரோதம். எத்தனை ஆண்டானாலும் சரி செய்ய முடியாது. பணியிடம் உண்டு, ஆளுக்குத் தகுதியும் உண்டு, நடைமுறையில் மட்டும் ஓட்டை என்றால் அது ஒழுங்கீனம். சரி செய்ய இடமுண்டு. இந்த இரண்டாம் வகையில், நீதிமன்றத் தடையாணைகளின் தயவில்லாமல் பத்து ஆண்டுகள் வேலை பார்த்து முடித்தவர்களை ஒருமுறை நடவடிக்கையாக வரன்முறைப்படுத்தலாம் என்று அது சொன்னது.

பத்திரிகைகள் எல்லாவற்றையும் "முறைகேடு" என்ற ஒரே சொல்லில் அடைத்துவிடுகின்றன. வக்கீல்கள் மணிக்கணக்காகச் சண்டை போடுவது இந்த இரண்டில் எது என்பதற்குத்தான். உங்கள் வழக்கு எந்தப் பக்கம் விழுகிறது என்பதில் வாழ்க்கையே இருக்கிறது.

உமாதேவி தீர்ப்பை அரசுத் துறைகள் பிற்பாடு பயன்படுத்திய விதம் வேறு கதை. பத்து, இருபது ஆண்டுகள் குறைந்த கூலிக்கு வேலை வாங்கிக்கொண்டு, நிரந்தரம் கேட்டதும் "உமாதேவி தடுக்கிறது" என்று கைவிரிப்பது வழக்கமாகிவிட்டது. விளம்பரம் கொடுத்து முறையாக ஆள் எடுக்க வேண்டிய கடமை யாருடையது? அதே துறையுடையதுதானே! 2024 டிசம்பரில் மத்திய நீர் ஆணையத்தின் துப்புரவு, தோட்டப் பணியாளர்கள் சிலரின் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைக் கடிந்துகொண்டது. அவர்கள் பல ஆண்டுகளாகப் பகுதிநேரம், தற்காலிகம் என்ற பெயரில் வேலை பார்த்தவர்கள். பணிவரன்முறை கேட்டுத் தீர்ப்பாயம் போனார்கள். மனு தள்ளுபடியான பிறகு, 2018 அக்டோபரில், வேலையிலிருந்தும் நிறுத்தப்பட்டார்கள். நீதிமன்றம் அவர்களை மீண்டும் வேலையில் சேர்த்து வரன்முறைப்படுத்த உத்தரவிட்டது. உமாதேவி தீர்ப்பை ஊழியருக்கு எதிரான ஆயுதமாக்கக் கூடாது என்றும் சொன்னது.

ஒரு பட்டியல் எப்படிக் கெட்டுப்போகிறது

இப்போது வங்கத்துக்கு வருவோம். 2016-இல் மேற்கு வங்கப் பள்ளிப் பணியாளர் தேர்வாணையம் 9 முதல் 12-ஆம் வகுப்பு வரைக்கான ஆசிரியர்களுக்கும், எழுத்தர், அலுவலக உதவியாளர் நிலையிலான குரூப் சி, குரூப் டி ஊழியர்களுக்கும் தேர்வு அறிவித்தது. 24,640 காலியிடங்கள். 23 லட்சத்துக்கும் மேற்பட்டவர்கள் போட்டியிட்டார்கள். கடைசியில் கொடுக்கப்பட்ட பணி ஆணைகள் 25,753. காலியிடத்தைவிட ஆயிரத்துக்கும் மேல் கூடுதல்! இந்த ஒரு கணக்கே போதும், யாருக்கும் புருவம் உயர.

வேலை கிடைக்காதவர்கள் கொல்கத்தா உயர் நீதிமன்றம் போனார்கள். விசாரணை மத்தியப் புலனாய்வுத் துறைக்குப் போனது. வெளியே வந்தவை பல விதம். தரவரிசையில் கீழே இருந்தவர் மேலே இருந்தவரைத் தாண்டி வேலை வாங்கியிருந்தார். பட்டியலிலேயே இல்லாதவர் பணி ஆணை பெற்றிருந்தார். பட்டியலின் காலம் முடிந்த பிறகும் ஆணைகள் போயிருந்தன. எல்லாவற்றையும்விட மோசமானது ஓ.எம்.ஆர். தாள் விவகாரம். தேர்வர் வட்டங்களைக் கருப்பாக்கிய தாளில் ஒரு மதிப்பெண், ஆணையத்தின் கணினியில் வேறொரு மதிப்பெண். இதற்கிடையே 2022 ஜூலையில் முன்னாள் கல்வி அமைச்சர் பார்த்தா சாட்டர்ஜியை அமலாக்கத் துறை கைது செய்தது. அவருக்கு நெருக்கமானவரின் குடியிருப்புகளிலிருந்து கட்டுக்கட்டாக அள்ளப்பட்ட பணத்தைத் தொலைக்காட்சியில் எல்லோரும் பார்த்தோம்.

அப்படியானால் தாளையும் கணினி மதிப்பெண்ணையும் ஒப்பிட்டு, கெட்டவரை நீக்கி நல்லவரை வைத்துக்கொள்ளலாமே? இங்கேதான் முடிச்சு. அசல் ஓ.எம்.ஆர். தாள்களை ஆணையம் அழித்துவிட்டது. அழிப்பதற்கு முன் எடுத்து வைத்திருக்க வேண்டிய நகல்கள் அதன் கணினியில் இல்லை. தாள்களை ஸ்கேன் செய்யும் பணி ஒப்படைக்கப்பட்ட நிறுவனத்தின் முன்னாள் ஊழியர் ஒருவரிடமிருந்து, காசியாபாத்தில், புலனாய்வுத் துறை சில ஹார்டு டிஸ்க்குகளைக் கைப்பற்றியது. அவற்றிலிருந்து பலரின் தில்லுமுல்லு தெரிந்தது. ஆனால் மீதிப் பேர் சுத்தம் என்று அடித்துச் சொல்ல, கையில் அசல் இல்லை.

2024 ஏப்ரல் 22 அன்று உயர் நீதிமன்றம் ஒட்டுமொத்தமாக ரத்து செய்தது. மே மாதம் உச்ச நீதிமன்றம் அதை நிறுத்தி வைத்தது; ஏறக்குறைய ஓராண்டு கழித்து, முதலில் சொன்ன ஏப்ரல் 3 தீர்ப்பில், ரத்து சரிதான் என்றது. தேர்வு முழுவதும் சீர் செய்ய முடியாத அளவுக்குக் கறைபட்டுவிட்டது, மோசடியை மூடி மறைக்க நடந்த முயற்சிகளே உண்மையைக் கண்டுபிடிக்க முடியாமல் செய்துவிட்டன என்பது அதன் முடிவு.

இதில் எனக்கு உறுத்துகிற இடம் ஒன்று உண்டு. தீர்ப்பின் தர்க்கத்தில் பழுது சொல்ல முடியாது. பட்டியலை நம்ப முடியாதபோது, அதில் உள்ள எந்தப் பெயரையும் தனியாக எடுத்து நம்ப முடியாது. ஆனால் ஆவணத்தை அழித்தது அலுவலகம். அழித்ததற்கான விலையைக் கட்டியது, நேர்மையாகத் தேர்வு எழுதி, தன் தாள் இருந்திருந்தால் ஒரே நிமிடத்தில் தன்னை நிரூபித்திருக்கக்கூடிய ஆசிரியர். சாட்சியத்தைக் காக்க வேண்டியவர் ஒருவர், அது காணாமல் போனால் தண்டனை இன்னொருவருக்கு.

சலித்தெடுக்க முடிந்தால்

தாள் இருந்திருந்தால் கதை மாறியிருக்குமா? மாறியிருக்கும். 2003-இல் மத்தியப் புலனாய்வுத் துறையின் காவலர் தேர்வு தொடர்பான வழக்கு ஒன்று உச்ச நீதிமன்றத்துக்கு வந்தது. மதிப்பெண்களை மறுபடி பார்த்ததில் 31 பேர் தகுதியில்லாமல் தேர்வானது துல்லியமாகத் தெரிந்தது. 31 பேர் யார் யார் என்று தெரிகிறபோது, மொத்தப் பட்டியலையும் ரத்து செய்தது தவறு என்று நீதிமன்றம் சொன்னது. அரிசியில் கல் கிடந்தால் பொறுக்கி எறிவோம்; மூட்டையையே கொட்டுவதில்லை. பஞ்சாப் அரசுப் பணியாளர் தேர்வாணைய ஊழல் வழக்கிலும் 2006-இல், கறைபட்டவரையும் படாதவரையும் பிரிக்க முடியுமா என்று உண்மையாகவே முயன்று பார்க்க வேண்டும் என்று வலியுறுத்தியது.

ஆனால் எண்ணிக்கை தெரிந்தால் மட்டும் போதாது என்பதற்குத் தமிழ்நாட்டிலேயே உதாரணம் உண்டு. 2017-இல் அரசு பாலிடெக்னிக் கல்லூரிகளுக்கு 1,058 விரிவுரையாளர்களை எடுக்க ஆசிரியர் தேர்வு வாரியம் தேர்வு நடத்தியது. 196 பேரின் ஓ.எம்.ஆர். மதிப்பெண்கள் உயர்த்தப்பட்டிருந்தது தெரிய வந்தது. 2018 பிப்ரவரியில் வாரியம் தேர்வையே ரத்து செய்தது. 196 பேரை மட்டும் விலக்கினால் போதுமே என்று மற்றவர்கள் வழக்குப் போட்டார்கள். சென்னை உயர் நீதிமன்றத்தில் அவர்களுக்குச் சாதகமாகவே முடிந்தது. 2019-இல் உச்ச நீதிமன்றம் அதை மாற்றியது. 196 என்பது அதுவரை தெரிந்த எண், விசாரணை முடியவில்லை, சதி எவ்வளவு ஆழம் என்று தெரியாத நிலையில் வாரியம் நல்லெண்ணத்தோடு எடுத்த முடிவில் தலையிட வேண்டியதில்லை என்றது.

பாலிடெக்னிக் வழக்கில் யாருக்கும் பணி ஆணை போயிருக்கவில்லை என்பதையும் கவனிக்க வேண்டும். தேர்வான நிலையில் இருப்பவரை நிறுத்துவதும், ஏழெட்டு ஆண்டு சம்பளம் வாங்கி, வீட்டுக் கடன் போட்டுக் குடும்பம் நடத்துபவரை நிறுத்துவதும் ஒன்றல்ல. பட்டியலில் பெயர் வந்ததாலேயே வேலை கேட்கும் உரிமை வந்துவிடாது என்பது பழைய சட்டம். வேலையில் சேர்ந்துவிட்டவரைப் பொறுத்தவரை நீதிமன்றம் கொஞ்சம் கூடுதலாக யோசிக்கும்.

எவ்வளவு கூடுதல் என்பது வழக்குக்கு வழக்கு மாறும். கேரளத்தில் மாவட்ட நீதிபதிகள் தேர்வில், நேர்காணல் முடிந்த பிறகு, அதில் குறைந்தபட்ச மதிப்பெண் எடுத்திருக்க வேண்டும் என்று உயர் நீதிமன்றமே புதிதாக ஒரு நிபந்தனை வைத்தது. ஆட்டம் முடிந்த பிறகு விதியை மாற்றிய கதை. 2023 ஜூலையில் ஐந்து நீதிபதிகள் அமர்வு இது செல்லாது என்றது. ஆனால் அந்தத் தவறால் பலன் அடைந்து ஆறு ஆண்டுகள் நீதிபதிகளாக இருந்துவிட்டவர்களை நீக்க மறுத்தது. அனுபவம் பெற்ற நீதிபதிகளை இழப்பது பொது நலனுக்கு நல்லதில்லை என்பது அது சொன்ன காரணம். இதைப் படித்துவிட்டு, நீதிபதிகளுக்குக் கிடைத்த கருணை துப்புரவுப் பணியாளருக்கு எத்தனை முறை கிடைத்திருக்கிறது என்று யாராவது கேட்டால் தப்பாக எடுத்துக்கொள்ள முடியாது. சட்டப்படி சொல்லக்கூடிய வித்தியாசம், அங்கே நடந்தது மோசடி அல்ல என்பதுதான்.

வழக்கு எப்படி நடக்கும்

மத்திய அரசு ஊழியர் என்றால் முதலில் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம். தமிழ்நாடு அரசு ஊழியர் என்றால், மாநிலத் தீர்ப்பாயம் மூடப்பட்டுவிட்டதால், 226-ஆம் பிரிவின் கீழ் நேராக உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு. ஊரைப் பொறுத்து சென்னை அல்லது மதுரைக் கிளை. முதலில் தனி நீதிபதி, அப்புறம் இரண்டு நீதிபதிகள் அமர்வில் மேல்முறையீடு, அதற்கும் மேலே உச்ச நீதிமன்றத்தில் சிறப்பு அனுமதி மனு.

மனு போட்டதும் எல்லோரும் ஓடுவது இடைக்காலத் தடைக்குத்தான். தடை கிடைத்தால் வழக்கு முடியும்வரை வேலையில் இருக்கலாம். ஆனால் அப்படித் தடையாணையில் கழிந்த ஆண்டுகளைப் பின்னால் "இத்தனை வருடம் வேலை பார்த்தேன்" என்று கணக்குக் காட்ட முடியாது. மேலே உமாதேவி தீர்ப்பில் பார்த்தோமே, அதே நிபந்தனை.

பணி ஆணை கையில் வந்தவுடன் சம்பள விகிதத்தைப் பார்த்துவிட்டு மடித்து வைத்துவிடுகிறோம். பல ஆணைகளின் அடியில், இந்த நியமனம் நிலுவையில் உள்ள வழக்குகளின் இறுதித் தீர்ப்புக்கு உட்பட்டது என்று ஒரு வரி இருக்கும். சம்பிரதாய வரி என்று விட்டுவிடக் கூடாது. ஏற்கெனவே யாரோ அந்தத் தேர்வை எதிர்த்து நீதிமன்றம் போயிருக்கிறார் என்று அதற்குப் பொருள். அந்த வரியை ஏற்றுக் கையெழுத்துப் போட்டவர், "எனக்கு வழக்கைப் பற்றித் தெரியவே தெரியாது" என்று பிற்பாடு சொன்னால் எடுபடாது. வழக்கு எண் கிடைத்தால் தன்னையும் ஒரு தரப்பாகச் சேர்க்கச் சொல்லி மனுப் போடலாம். யாரும் வழக்குப் போடக்கூடும் என்று சந்தேகம் இருந்தால், என்னைக் கேட்காமல் உத்தரவு போடாதீர்கள் என்று கேவியட் தாக்கல் செய்யலாம்.

எதிர்ப்பக்கம் வழக்குப் போடுகிறவருக்கும் கட்டுப்பாடு உண்டு. நியமனத்தை ரத்து செய்யக் கேட்டால், பாதிக்கப்படப் போகிறவர்களில் சிலரையாவது எதிர்த்தரப்பாகச் சேர்க்க வேண்டும். தேர்வு முறையில் குறை இருப்பது தெரிந்தே எழுதிவிட்டு, தோற்ற பிறகு "முறையே தப்பு" என்று வந்தால் நீதிமன்றம் பொதுவாக ஏற்பதில்லை.

நோட்டீஸ் கொடுக்காமல் நீக்கிவிட்டார்கள் என்ற வாதம் எவ்வளவு தூரம் போகும்? குற்றச்சாட்டு தனி ஒருவர் மீது என்றால் வெகுதூரம் போகும்: உன் சான்றிதழ் பொய், உன் விடைத்தாளில் தில்லுமுல்லு நடந்தது என்று சொல்கிறவர்கள், அவர் பதில் சொல்ல வாய்ப்புக் கொடுத்தே ஆக வேண்டும். ஆனால் தேர்வே ஒட்டுமொத்தமாகக் கெட்டுப்போனது என்றால், ஒவ்வொருவரையும் கூப்பிட்டுக் கேட்க வேண்டியதில்லை. பீகாரில் ஒரு தேர்வு மையத்தில் கூட்டமாகக் காப்பியடித்த வழக்கில் 1970-லேயே உச்ச நீதிமன்றம் இதைத் தீர்த்துவிட்டது. அங்கே யாரையும் குற்றவாளி என்று சொல்லவில்லை. தேர்வு செல்லாது என்று மட்டும் சொல்கிறார்கள்.

நடைமுறையில் உதவுகிற ஒன்று: மதிப்பெண் போடப்பட்ட உங்கள் விடைத்தாளின் நகலைத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் கேட்டு வாங்கலாம் என்று 2011-இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்திருக்கிறது. வேலை கிடைத்தவர் பெரும்பாலும் கேட்பதில்லை. கிடைத்த பிறகு எதற்கு என்ற நினைப்பு. ஆணையம் தாளை அழித்தபின் வழக்கு வந்தால், அந்த நகல் உங்கள் கையில் இருப்பதற்கும் இல்லாததற்கும் வித்தியாசம் நிறைய.

வாங்கிய சம்பளம், பார்த்த வேலை

நியமனம் செல்லாது என்றால் சம்பளத்தைத் திருப்பித் தர வேண்டுமா? வங்க வழக்கில் நீதிமன்றம் ஆட்களைப் பிரித்தது. மோசடியில் கறைபட்டவர் என்று அடையாளம் காணப்பட்டவர் வாங்கியதைத் திருப்பித் தர வேண்டும். உயர் நீதிமன்றம் இதற்கு 12 சதவீத வட்டியும் போட்டிருந்தது. மற்றவர்கள் ஒரு பைசா தர வேண்டாம், வேலை பார்த்ததற்குத்தானே வாங்கினார்கள். இதோடு புதிய தேர்வில் வயது வரம்புச் சலுகை கிடைத்தது. முன்பு வேறொரு அரசு வேலையை விட்டுவிட்டு வந்தவர்கள் அங்கே திரும்பிப் போக விண்ணப்பிக்கலாம் என்ற வழியும் கொடுத்தார்கள்.

அவர்கள் நடத்திய பாடம், போட்ட மதிப்பெண், வழங்கிய சான்றிதழ் எல்லாம் என்ன ஆகும் என்று கவலைப்பட வேண்டாம். பதவியில் இருந்தபோது செய்த வேலை செல்லும். 1981-இல் ஆந்திர வழக்கு ஒன்றில், நியமனம் செல்லாது என்று பின்னர் ஆன நீதிபதிகள் கொடுத்த தீர்ப்புகள்கூடச் செல்லும் என்று உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. இல்லாவிட்டால் அந்த அதிகாரியிடம் கையெழுத்து வாங்கிய ஊர் மக்கள் அத்தனை பேரும் தெருவில் நிற்க வேண்டியதுதான்.

வங்கத்தில் தீர்ப்புக்கு அப்புறம் நடந்தது, இந்த விஷயத்தை இன்னும் தெளிவாகக் காட்டுகிறது. பள்ளிகள் ஆளில்லாமல் திண்டாடுகின்றன என்று மாநில அரசு ஓடியதும், 2025 ஏப்ரல் 17 அன்று உச்ச நீதிமன்றம், கறைபட்டதாக அடையாளம் காணப்படாத ஆசிரியர்கள் அந்த ஆண்டு டிசம்பர் 31 வரை பாடம் நடத்தலாம் என்றது. குரூப் சி, குரூப் டி ஊழியர்களுக்கு அந்தச் சலுகை இல்லை. அந்தப் பிரிவுகளில் கறைபட்டவர்களின் எண்ணிக்கை மிக அதிகம் என்று காரணம் சொன்னது. சீராய்வு மனுக்கள் ஆகஸ்டில் தள்ளுபடியாயின. அதே மாதக் கடைசியில், நீதிமன்ற உத்தரவின் பேரில், கறைபட்ட ஆசிரியர்கள் 1,800-க்கும் மேற்பட்டவர்களின் பெயர்ப் பட்டியலை ஆணையம் வெளியிட்டது.

பட்டியலே போட முடிகிறதென்றால் அப்போதே பிரித்திருக்கலாமே என்று வேலை இழந்தவர்கள் கேட்டார்கள். கேட்கத்தான் செய்வார்கள். அந்தப் பட்டியல் சொல்வது இவ்வளவுதான்: இத்தனை பேர் மீது கறை நிரூபணமாகிவிட்டது. மீதிப் பேரின் நிலை, நிரூபிக்கப்படவில்லை என்பது. நிரபராதி என்று விடுவிக்கப்படுவதற்குக் குற்ற வழக்கில் இது போதும். பொதுப் போட்டியில் 23 லட்சம் பேரைத் தாண்டி வந்தேன் என்று காட்ட இது போதாது. அதற்கு மதிப்பெண் வேண்டும், மதிப்பெண்ணுக்குத் தாள் வேண்டும்.

2025 செப்டம்பர் 7, 14 தேதிகளில் புதிய தேர்வு நடந்தது. பட்டியலில் பெயர் வந்தவர்களுக்கு அதில் இடமில்லை. மற்ற ஆசிரியர்கள், 2016-இல் பள்ளி மாணவர்களாக இருந்தவர்களோடு சேர்ந்து உட்கார்ந்து எழுதினார்கள். அவர்களுடைய கற்பித்தல் அனுபவத்துக்காக 10 மதிப்பெண் வரை தருவதாகப் புதிய விதி சொன்னது. முதல் தடவையாக எழுதியவர்கள், இது எங்கள் சம வாய்ப்பைப் பறிக்கிறது என்று அந்த விதியை எதிர்த்தும் நீதிமன்றம் போனார்கள்.